சகானேயின் பிடரியும் என் ஐந்து நிமிடமும்

படப்பிடிப்புக்கு வண்டி ஓட்டப் புதிதாக வந்திருக்கும் தம்பிமாருக்கும் தங்கச்சிமாருக்கும்,

"அன்ரன் அண்ணை, உங்கட அனுபவத்தில இருந்து எங்களுக்கு ஏதாவது எழுதி விடுங்கோ" என்று நம் டிரைவர்மார் குழுவில் கேட்டிருந்தீர்கள். முழங்கால் மக்கர் பண்ணி ஓட்டத்தை விட்ட பிறகு எனக்கும் லண்டன் ரெய்னர்ஸ் லேனில் வேறு பெரிய அலுவல் கிடையாது. கடைக்குப் போவேன், கோயிலுக்குப் போவேன், மிச்ச நேரம் மனைவி றெஜினாவிடம் பேச்சு வாங்குவேன். ஆகவே எழுதுகிறேன்.

எந்த ரோட்டால் போனால் சுருக்கு என்று நான் எழுதப்போவதில்லை. அதை உங்கள் கைபேசி என்னைவிட நன்றாகச் சொல்லும். காரை எப்படித் துடைத்து வைப்பது, நடிகர் பேச விரும்புகிறாரா இல்லையா என்று எப்படிக் கண்டுபிடிப்பது, இதெல்லாம் இரண்டு கிழமையில் உங்களுக்கே பிடிபட்டுவிடும். கைபேசி சொல்லித் தராத ஒன்று இருக்கிறது. அதை நான் படித்த விதம் வெட்கக்கேடானது. அதனால்தான் இத்தனை காலம் யாரிடமும் சொல்லவில்லை.

நான் மினிகாப் என்கிற வாடகைக் கார் ஓட்டிக் களைத்துப் பட யூனிட்டுகளுக்கு மாறிப் பல வருடங்கள் ஆன பிறகு நடந்தது இது. ஒரு சின்ன ஆங்கிலப் படம். லண்டனில் வாழும் ஒரு ஜப்பானியப் பெண்ணைப் பற்றிய கதை. அவளைப் பார்க்க வரும் அப்பாவாக நடிக்க ஜப்பானிலிருந்து ஒருவரை அழைத்திருந்தார்கள். பெயர் சகானே. வயது எழுபதை நெருங்கும். மெலிந்த ஆள். வெஸ்ட் ஆக்டனில் ஒரு பிளாட்டில் தங்கியிருந்தார். தினமும் விடிய அவரை ஏற்றிப் படப்பிடிப்பில் இறக்குவதும் பின்னேரம் திருப்பிக் கொண்டுபோய் விடுவதும் என் வேலை.

முதல் நாள் காரில் ஏறியவர், நான் கதவைச் சாத்தி, சீட்டில் இருந்து, கண்ணாடியைச் சரிசெய்து, பெல்ட் போட்டு, காரை எடுக்கும்வரை வைத்த கண் வாங்காமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குக் கூச்சமாகப் போய்விட்டது. ஏதாவது பிழையா என்று கேட்டேன்.

"இல்லை, டிரைவர் சான். நானும் டிரைவர்" என்றார், நிறுத்தி நிறுத்திப் பேசும் ஆங்கிலத்தில். சான் என்பது ஜப்பானில் மரியாதைக்குச் சேர்க்கும் சொல்.

ஜப்பானில் எந்தக் கொம்பனி என்று கேட்டேன். சிரித்தார். பிறகுதான் விஷயம் வெளியே வந்தது. இளம் வயதிலேயே ஒரு படக் கொம்பனியில் சேர்ந்தவர். ஆரம்பத்தில் ஏதோ ஒரு படத்தில் டாக்சி டிரைவராக ஒரு காட்சி கொடுத்திருக்கிறார்கள். நன்றாகச் செய்துவிட்டார். அதுதான் அவர் செய்த தப்பு. அதற்குப் பிறகு யார் படத்தில் டாக்சி வந்தாலும் சகானேயைக் கூப்பிடு என்றாகிவிட்டது. கதாநாயகனும் கதாநாயகியும் பின்சீட்டில் இருந்து அழுவார்கள், சண்டை பிடிப்பார்கள், கைபிடிப்பார்கள். கமரா அவர்களைப் பார்க்கும். முன்னால் சகானேயின் பிடரி தெரியும்.

"முப்பது வருடத்துக்கு மேல் என் பிடரி நடித்தது. முகத்துக்கு ஓய்வு" என்றார்.

"அப்படியென்றால் நீங்கள் என்னைவிடக் கூட ஓட்டியிருக்கிறீர்கள்" என்றேன்.

"இல்லை. எனக்கு லைசென்ஸ் கிடையாது. கார் ஸ்டூடியோவுக்குள் நிற்கும். இரண்டு பேர் பக்கத்தில் நின்று ஆட்டுவார்கள்."

நான் சிரித்த சிரிப்பில் சிக்னல் மாறியது தெரியவில்லை. பின்னால் நின்றவன் ஹோர்ன் அடித்தான்.

இந்த லண்டன் படத்தில் அவருக்குப் பல காட்சிகள் இருந்தாலும் பெரும்பாலும் பேசாமல் இருக்க வேண்டும். ஒரே ஒரு காட்சியில் மட்டும் ஆங்கிலத்தில் ஒரு முழுப் பக்க வசனம். தேம்ஸ் நதியின் நீர் வற்றிய கரையில், கூழாங்கற்களின் மேல் நின்று, மகளிடம் மன்னிப்புக் கேட்கிற காட்சி. கமரா அவருடைய முகத்தில். வாழ்நாளில் முதல் தடவை.

அந்த வசனத்தை அவர் காரில்தான் பாடமாக்கினார். பின்சீட்டில் இருந்து, மெல்லிய குரலில், என் பிடரியைப் பார்த்து. ஐந்து வாரமாக ஒரு மனிதர் விடிய எழும்பி என் பிடரியிடம் மன்னிப்புக் கேட்டார். வீட்டில் றெஜினா ஒரு நாளும் கேட்டதில்லை. எனக்கு அந்த வசனம் அவரைவிட நன்றாகப் பாடமாகிவிட்டது. எங்கேயாவது ஒரு சொல் தட்டினால் முன்னாலிருந்து நான் எடுத்துக்கொடுப்பேன். ஒரு நாள் ரெய்னர்ஸ் லேன் கடையில் வாங்கிய ஆட்டிறைச்சி ரோல்ஸ் இரண்டு கொடுத்தேன். ஒன்றைத் தின்று, மற்றதைக் கைலேஞ்சியில் சுற்றிச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு, வசனம் சரியாக வந்தால்தான் இது என்றார். இப்படி ஒரு மனிதரை எனக்கு ஏன் பிடிக்காமல் போகும்?

அந்த நாள் வந்தது. தேம்ஸில் கடல்போல நீர் ஏறி இறங்கும் என்பது உங்களுக்குத் தெரியும். வற்றி நிற்கிற நேரம் கொஞ்சம்தான். அதற்குள் எடுத்தால் எடுத்தது. ஏழு மணிக்கு சகானே அங்கே நிற்க வேண்டும், ஒன்பதுக்குள் காட்சி முடிய வேண்டும். இயக்குநர் கத்தினாலும் கெஞ்சினாலும் ஆறு காத்துக்கொண்டிராது.

A40 ரோட்டில் ஒரு லொறி குறுக்கே நின்றது. எத்தனையோ முறை போன ரோடு, இப்போது விலகும் என்று நம்பினேன். வேறு ரோட்டுக்கு இறங்க வழி இருந்தபோது இறங்கவில்லை. எனக்குத் தெரியாத ரோடா என்கிற எண்ணம். பாடிங்டனுக்குக் கிட்ட வந்தபோது ஏழுக்குப் பத்து நிமிடம். கைபேசி அடித்தது.

சங்கீதா. படப்பிடிப்பின் நேரத்தைப் பார்த்துக்கொள்ளும் உதவி இயக்குநர். கோயம்புத்தூரில் பிறந்த பிள்ளை. இத்தனை பெரிய பொறுப்பு அவளுக்கு அதுதான் முதல் தடவை.

"அன்ரன் அண்ணா, எங்க இருக்கீங்க?"

நாம் எல்லோரும் சொல்கிற பதிலை நானும் சொன்னேன். "அஞ்சு நிமிசம், பிள்ளை. கிட்ட வந்திட்டம்."

உண்மையில் நாற்பது நிமிடத்துக்குக் குறையாது. அது எனக்குத் தெரியும். ஏன் சொன்னேன்? யோசித்துப் பார்த்தால் அது பொய் என்றே எனக்குத் தோன்றவில்லை. மினிகாப் ஓட்டிய காலத்தில் வாசலில் நிற்கிற ஆளைச் சமாதானப்படுத்தச் சொல்வது. கலியாண வீட்டுக்குப் போகும்போது சொல்வது. அப்படிச் சொன்னால் மற்றவர் கொஞ்சம் ஆறுதலடைவார், நாமும் கொஞ்சம் வேகமாகப் போவோம், இரண்டும் எங்கேயோ சந்திக்கும். ஏழேகாலுக்கு அவள் திரும்ப எடுத்தாள். "மூலை திரும்பினால் சரி" என்றேன். அப்போது நாங்கள் யூஸ்டன் ரோட்டில் ஒரு பஸ்சுக்குப் பின்னால் நின்றோம்.

பின்சீட்டில் சகானே வசனம் சொல்வதை நிறுத்தியிருந்தார். கண்ணாடியில் அவர் கண்ணைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

நாங்கள் போய்ச் சேரும்போது எட்டு மணி. உடுப்பு மாற்றி, மேக்கப் போட்டு அவர் கரைக்கு இறங்கும்போது எட்டரை. நீர் ஏறத் தொடங்கிவிட்டது. அங்கே என்ன நடந்திருந்தது தெரியுமா? நான் சொன்ன ஐந்து நிமிடத்தை நம்பி, சங்கீதா எல்லோரையும் அவருக்காக நிறுத்தி வைத்திருந்தாள். கமரா அவர் நிற்கவேண்டிய இடத்தைப் பார்த்துப் பூட்டியபடி. மகளாக நடித்த பெண் குளிரில் கல்லின் மேல் ஒரு மணித்தியாலம் நின்றிருக்கிறாள். நாற்பது நிமிடம் என்று நான் சொல்லியிருந்தால், அந்த நேரத்தில் மகளுடைய பகுதியை எல்லாம் எடுத்து முடித்திருப்பார்கள். மிச்ச நேரம் முழுவதும் சகானேக்கு இருந்திருக்கும்.

இப்போது ஒரு ஷாட்டுக்குத்தான் நேரம். இயக்குநர் யோசித்தார். படம் மகளுடையது. கமராவைச் சகானேயின் பின்னால் கொண்டுபோய் வைத்தார்கள். அவர் ஒரு பக்க வசனத்தையும் ஒரு சொல் பிசகாமல் சொன்னார். கமரா கேட்டுக்கொண்டிருக்கிற மகளின் முகத்தைப் பார்த்தது. முன்னால் சகானேயின் பிடரி தெரிந்தது.

படியேறி வந்தவர் என்னைக் கண்டதும் நின்றார். "பிடரி நன்றாகச் செய்ததா, டிரைவர் சான்?" என்றார்.

கோபித்திருந்தால் தாங்கியிருப்பேன். திரும்பி வரும்போது அவர் வசனம் சொல்லவில்லை. சொல்ல இனி ஒன்றும் இல்லையே. 

அன்றைக்குச் சங்கீதாவை எல்லோர் முன்னிலையிலும் வைத்து வாங்கினார்கள். நேரம் பார்க்கத் தெரியாதவளுக்கு ஏன் இந்த வேலை என்று இயக்குநர் கேட்டார். நான் காருக்குப் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். லொறி குறுக்கே நின்றதற்கு நான் என்ன செய்ய என்று எனக்கு நானே சொன்னேன். தாமதம் என் பிழையில்லை என்பது பாதி உண்மைதான். அந்த உண்மைக்குப் பின்னால் வசதியாக ஒளிந்துகொண்டேன்.

சனிக்கிழமை கோயிலுக்குப் போய்ப் பாவசங்கீர்த்தனம் செய்தேன். பாதர் மூன்று அருள் நிறைந்த மரியே சொல்லச் சொன்னார். சொன்னேன். மனம் லேசானது என்று வீட்டுக்கு வந்து றெஜினாவிடமும் முழுக் கதையையும் சொன்னேன். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"அந்தப் பிள்ளையிட்டச் சொல்லிட்டியளே?"

"பாதரிட்டச் சொன்னனான்."

"இஞ்சருங்கோ. ரோட்டு எங்க அடைச்சதெண்டு கடவுளுக்கு முந்தியே தெரியும். அந்தப் பிள்ளைக்குத்தான் தெரியாது. அவளிட்டப் போய்ச் சொல்லுங்கோ."

"வேலை போயிடும், றெஜினா."

"போனால் வேற வேலை தேடலாம். அந்த மனுசனுக்கு வேற முகம் தேடேலுமே?"

அவள் சொன்னால் சொன்னதுதான். திங்கட்கிழமை காலை, தேநீர் வண்டிக்குப் பக்கத்தில் சங்கீதா தனியே நின்றபோது போனேன். 

"பிள்ளை, அண்டைக்கு நான் அஞ்சு நிமிசமெண்டு சொன்னது பொய். நான் பாடிங்டனில நிண்டனான். ரெண்டாம் தரமும் பொய்தான் சொன்னனான்."

அவள் கையிலிருந்த கோப்பையை மெல்லக் கீழே வைத்தாள்.

"அண்ணா, நான் ராத்திரி முழுக்க யோசிச்சேன், எங்க தப்பு பண்ணேன்னு. நாற்பது நிமிஷம்னு சொல்லியிருந்தா நான் திட்டியிருக்கவே மாட்டேன். பொண்ணோட ஷாட்டை முதல்ல எடுங்கன்னு சொல்லிட்டுப் போயிருப்பேன். எனக்கு நீங்க சீக்கிரம் வரணும்னு இல்லண்ணா. எப்ப வருவீங்கன்னு தெரியணும்."

இந்தத் தொழிலைப் பற்றி எனக்கு யாரும் இதைவிடப் பெரிய விஷயம் சொன்னதில்லை. மகள் வயதுப் பிள்ளை சொன்னாள். நான் தலைகுனிந்து கேட்டேன்.

"வாங்கோ, இயக்குநரிட்டப் போவம். நானே சொல்லுறன்" என்றேன்.

"நிஜமாவா? உங்களைத் தூக்கிடுவாங்க அண்ணா."

"ஓம், தூக்கட்டும்."

போய்ச் சொன்னேன். இயக்குநர் சங்கீதாவிடம் திரும்பி மன்னிப்புக் கேட்டார். அது எனக்கு வேண்டிய தண்டனையைவிடக் கூடுதலாக உறைத்தது. பிறகு, நாளையிலிருந்து சகானேயை வேறொருவர் ஏற்றட்டும் என்றார். நியாயம்தான். ஆனால் சகானேயிடம் போய்ச் சொன்னபோது அவர் மறுத்துவிட்டாராம்.

"இதே டிரைவர்தான் வேண்டும். இவர் இனிமேல் பொய் சொல்ல மாட்டார். புதியவர் சொல்வாரோ, யாருக்குத் தெரியும்?"

சங்கீதா அதோடு நிற்கவில்லை. இனி பிழை தன்னுடையதல்ல என்று ஆனதும் அவளுக்குப் பேசத் தைரியம் வந்துவிட்டது. நீர் ஏறி இறங்கும் அட்டவணையைத் தூக்கிக்கொண்டு இயக்குநரின் பின்னால் திரிந்தாள். பதினாலு, பதினைந்து நாளுக்கு ஒருமுறை ஏறக்குறைய அதே நேரத்தில் ஆறு வற்றும், அந்த நாளில் யூனிட் பக்கத்திலேயே வேறொரு காட்சி எடுக்கிறது, ஒரு மணித்தியாலம் கொடுங்கள், முகத்தை எடுத்துவிடலாம் என்றாள். ஒரே ஒரு சிக்கல். சகானேயின் வேலை அதற்கு முன்பே முடிவதாக இருந்தது, விமானமும் பதிவாகியிருந்தது. அதைக் கேட்டதும் அவர், பிடரியைத் தடவிக்கொண்டு, இத்தனை வருடம் பொறுத்த முகம் இன்னும் நாலு நாள் பொறுக்கும் என்றாராம். பயணத்தைத் தள்ளிப்போட்டார்.

அன்றைக்கு முக்கால் மணி நேரம் முந்தியே புறப்பட்டேன். ரோடு நன்றாகவே இருந்தது. பின்சீட்டில் வசனம் திரும்ப ஒலித்தது. ஹோபோர்ன் தாண்டியதும் பார்த்தால், எங்கேயோ தண்ணீர்க் குழாய் உடைந்து ரோட்டை மறித்திருக்கிறார்கள். வண்டிகள் அசையவில்லை. 

இந்த இடத்தைத்தான் நீங்கள் கவனமாக வாசிக்க வேண்டும். பழைய நாக்கு தயாராக இருந்தது. போன் அடிக்கட்டும், அதுவரை பார்ப்போம் என்று ஒரு மனம் சொன்னது. நான் காத்திருக்கவில்லை. முன்னால் எத்தனை வண்டி, எந்தத் தெருவால் வெளியேறலாம், அங்கே எத்தனை சிக்னல் என்று எண்ணினேன். கைபேசி இருபத்திரண்டு நிமிடம் என்றது. அதற்கு மேலே ஆறு போட்டேன். நானே அழைத்தேன்.

"பிள்ளை, ஹோபோர்னில ரோட்டு அடைச்சிருக்கு. இருபத்தெட்டு நிமிசம். அதுக்கு முந்தி வரேலாது. நீங்கள் மற்ற வேலையைப் பாருங்கோ."

"சரிண்ணா. இருபத்தெட்டு. பொண்ணு நடந்து வர்ற ஷாட்டை இப்பவே எடுத்துடறோம். நீங்க பதறாம வாங்க" என்றாள்.

சொல்லி முடித்ததும் என் தோளில் இருந்து ஏதோ இறங்கியது. ஸ்டியரிங்கில் கை தளர்ந்தது. பின்னாலிருந்து சகானே கேட்டார்.

"இருபத்தெட்டா?"

"இருபத்தெட்டு" என்றேன், கண்ணாடியில் அவர் கண்ணைப் பார்த்து.

"நான் நடித்த படங்களில் வாடிக்கையாளர் கேட்டால், ஐந்து நிமிடம் என்றுதான் சொல்வேன். எல்லாப் படத்திலும். எழுதியவர்கள் யாரும் டாக்சி ஓட்டியவர்கள் இல்லை" என்றார். பிறகு வசனத்தை முதலில் இருந்து தொடங்கினார்.

இருபத்தாறு நிமிடத்தில் போய்ச் சேர்ந்தோம். மகளின் பகுதி முடிந்து, கமரா சகானேயின் முகத்துக்காகத் திரும்பியிருந்தது. படம் எடுக்கும் இடத்தில் டிரைவருக்கு வேலையில்லை, காரிலேயே இருக்க வேண்டும் என்பது நம் ஒழுங்கு. அன்றைக்கு மட்டும் அதை மீறி, கரைக்கு இறங்கும் படிக்கட்டின் மேலே நின்றேன். இரண்டாவது தடவை எடுக்கும்போது நீர் அவருடைய சப்பாத்தைத் தொட்டது. அவர் காலை எடுக்கவில்லை. எனக்குச் சொல் சொல்லாகத் தெரிந்த வசனம்தான். ஆனால் அந்த முகத்தோடு சேர்த்து நான் அதைக் கேட்டதே இல்லை, என் பிடரிக்குக் கண்ணா இருக்கிறது? படிக்கட்டில் நின்று அழுதேன். சங்கீதா திரும்பிப் பார்த்துவிட்டு, பார்க்காததுபோல நின்றாள்.

மேலே வந்தவர் கார் நனையும் என்று சப்பாத்தைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு ஏறினார். அன்றைக்கும் ரோல்ஸ் வாங்கி வைத்திருந்தேன். இரண்டையும் அங்கேயே தின்றார்.

படம் பெரிதாக ஓடவில்லை. நானும் றெஜினாவும் போன தியேட்டரில் எங்களோடு சேர்த்துப் பன்னிரண்டு பேர். ஆனால் அந்தக் காட்சியில் அவர் முகம் திரை முழுக்க நின்றது. யாரும் இருமக்கூட இல்லை. சங்கீதா இப்போது பெரிய படங்கள் செய்கிறாள். உங்களில் சிலர் அவளுக்கு ஓட்டுகிறீர்கள். எங்க இருக்கீங்க என்று அவள் கேட்டால் சரியான நிமிடக் கணக்கைச் சொல்லுங்கள், ஏன் கேட்கிறாள் என்று இப்போது உங்களுக்குத் தெரியும்.

போன வருடம் சகானேயிடமிருந்து ஒரு செய்தி வந்தது. லண்டன் படத்தைப் பார்த்து ஜப்பானில் ஓர் இளம் இயக்குநர் கூப்பிட்டாராம். என்ன வேடம் என்று நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள். கூடவே ஒரு சிறிய துண்டுப் படமும் அனுப்பியிருந்தார். நானும் றெஜினாவும் குசினி அடுப்புக்குப் பக்கத்தில் நின்று கைபேசியில் பார்த்தோம்.

டாக்சிக்குள் ஒரு பெண் அவசரமாக ஏறுகிறாள். ஏதோ கேட்கிறாள். கமரா அவளைப் பார்க்கவில்லை. டிரைவருக்கு மேலே உள்ள கண்ணாடியைப் பார்க்கிறது. அதில் சகானேயின் முகம். அவர் முதலில் முன்னால் உள்ள ரோட்டைப் பார்த்தார். வண்டிகளை எண்ணினார். ஸ்டியரிங்கில் கை நான் வைக்கிற இடத்திலேயே இருந்தது. பிறகு கண்ணாடியில் அந்தப் பெண்ணின் கண்ணைப் பார்த்து இரண்டு சொல் சொன்னார். எனக்கு ஜப்பான் மொழி தெரியாது. கீழே ஆங்கிலத்தில் எழுத்து ஓடியது.

"இருபத்தெட்டு நிமிடம்."